இந்திய அரசனின் தூதன்: யெஹூதா ஹலேவியின் வாழ்வும் வாதமும்

காஸ்பியன் கடல் பக்கம் ஒரு காலத்தில் ஆண்ட கஸார்கள் என்ற மக்களின் பெயர் இணைய விவாதங்களில் அடிக்கடி தலைகாட்டுகிறது. ஐரோப்பிய யூதர்கள் எல்லாம் கஸார் வழி வந்தவர்கள், பாலஸ்தீனத்தோடு அவர்களுக்கு இரத்த உறவே கிடையாது என்று ஒரு தரப்பு சொல்கிறது. அதற்குச் சான்றாக 'குஸாரி' என்ற 12ஆம் நூற்றாண்டு நூலை நீட்டுகிறது. எதிர்த்தரப்பும் அதே நூலைத்தான் கையில் எடுக்கிறது. சீனாய் மலையில் கடவுள் மறை அருளியதை ஆறு லட்சம் பேர் கண்ணால் கண்டார்கள், அது எப்படிப் பொய்யாகும், இதைவிட வலுவான சான்று எந்தச் சமயத்துக்கு உண்டு என்று கேட்கிறது. நூலை எழுதியவர் இந்த இரண்டு வேலைக்கும் அதை எழுதவில்லை.

அவர் பெயர் யெஹூதா ஹலேவி. எபிரேய மொழியின் மிகப் பெரிய இடைக்காலக் கவிஞர்களில் ஒருவர், தொழிலால் மருத்துவர். 'குஸாரி' அவருடைய ஒரே தத்துவ நூல். அதில் அவர் வைக்கும் கேள்வி எளிமையானது: நல்ல எண்ணம் இருந்தால் போதுமா, செயல் வேண்டுமா? அந்தக் கேள்வியைப் பிடித்துக்கொண்டால், நூலின் வாதமும், அறுபது வயதைத் தாண்டிய ஒரு மருத்துவர் வீடு வாசலை விட்டுக் கப்பலேறியதும் ஒரே கணக்கின் இரண்டு வரிகளாகத் தெரியும்.

## காலமும் இடமும்

ஹலேவி பிறந்தது 1075 வாக்கில், வட ஸ்பெயினின் துதேலா நகரில். அப்போது துதேலா முஸ்லிம் ஆட்சியில் இருந்தது. ஸ்பெயினின் பெரும்பகுதி சிறு சிறு முஸ்லிம் அரசுகளாகச் சிதறிக் கிடந்தது. வடக்கிலிருந்து கிறிஸ்தவ அரசுகள் இறங்கி வந்துகொண்டிருந்தன. அவர் வாழ்வை உலுக்கிய நிகழ்வுகளை வரிசையாகப் பார்ப்பது உதவும்:

1. 1085: காஸ்டீல் அரசன் ஆறாம் அல்ஃபோன்சோ தொலேதோ நகரைப் பிடித்தான்.
2. 1086: அதற்கு எதிர்வினையாக வட ஆப்பிரிக்காவிலிருந்து அல்மொராவித் என்ற முஸ்லிம் அரச மரபின் படைகள் ஸ்பெயினுக்குள் வந்தன.
3. 1090: அல்மொராவித்துகள் கிரனாடாவைக் கைப்பற்றினர். அங்கே செழித்திருந்த யூதக் கவிஞர் வட்டம் கலைந்தது.
4. 1099: முதலாம் சிலுவைப் போரில் எருசலேம் கிறிஸ்தவர் கைக்குப் போனது. நகரில் இருந்த யூதர்கள் கொல்லப்பட்டனர் அல்லது சிறைப்பட்டனர்.

இளைஞரான ஹலேவியை கிரனாடாவுக்கு அழைத்தவர் மூத்த கவிஞர் மோசே இப்னு எஸ்ரா. அவருடைய கடினமான பாடல் ஒன்றை அதே யாப்பில், அதே எதுகையில் பாடிக் காட்டும் போட்டியில் ஹலேவி எல்லோரையும் மிஞ்சிவிட்டார்; அழைப்பு அதற்குக் கிடைத்த பரிசு. கிரனாடா வீழ்ந்த பிறகு ஊர் ஊராக அலைந்து, கடைசியில் கிறிஸ்தவத் தொலேதோவில் மருத்துவராக அமர்ந்தார்.

அங்கேயும் நிம்மதி இல்லை. அல்ஃபோன்சோவின் அரண்மனை மருத்துவர் யோசேஃப் இப்னு ஃபெரூஸியேல் அவருக்கு ஆதரவாளர். யோசேஃபின் சகோதரர் மகன் சொலோமோன், அரச வேலையாக வெளியூர் போய்த் திரும்பும் வழியில் 1108இல் கொல்லப்பட்டார். அவரை வரவேற்கத் தயாராக இருந்த ஹலேவி இரங்கற்பா எழுத வேண்டியதாயிற்று. முஸ்லிம் ஆட்சியிலும் கிறிஸ்தவ ஆட்சியிலும் யூதருக்குக் கிடைக்கும் பாதுகாப்பு ஒரு புரவலரின் ஆயுள் வரைக்கும்தான் என்பதை அவர் இரண்டு பக்கமும் பார்த்தாகிவிட்டது. 'குஸாரி'யில் வரும் யூத அறிஞர் யாரையும் நம்பிப் பேசாததற்கு இந்த அனுபவம் ஒரு காரணம் என்று கொள்ளலாம்.

கெய்ரோவில் கிடைத்த அவருடைய கைப்படக் கடிதங்களில் ஒரு பணம் திரட்டும் வேலை பற்றிய பேச்சும் வருகிறது. தொலேதோவில் சிறைப்பட்டிருந்த ஒரு யூதப் பெண்ணை மீட்க ஊர் ஊராக நன்கொடை கேட்கிறார். அந்தக் காலத்தில் மத்தியதரைக் கடல் ஊர்களில் கைதிகளை மீட்க வழக்கமான விலை மூன்று பேருக்கு 100 தினார், அதாவது தலைக்கு 33⅓ தினார். யூதச் சமூகங்களுக்கு இது ஆண்டு தவறாமல் வரும் செலவு.

## கவிதையின் கட்டுமானம்

ஹலேவியின் பாடல்கள் சுமார் 800 கிடைத்திருக்கின்றன: காதல், மது, நட்பு, புகழ்ச்சி, இரங்கல், வழிபாட்டுப் பாடல்கள், எருசலேமை ஏங்கிப் பாடும் சீயோன் பாடல்கள். இவற்றின் யாப்பு எபிரேய மொழிக்குப் பிறவியிலேயே சொந்தமானதல்ல. 10ஆம் நூற்றாண்டில் கொர்தோபாவுக்கு வந்த துனாஷ் பென் லப்ராத் அரபு யாப்பை எபிரேயத்துக்குப் பொருத்தினார்.

அரபு யாப்பு குறில் நெடில் கணக்கில் நடப்பது. எபிரேயத்தில் அந்த வேறுபாடு அதே வடிவில் இல்லை. எனவே துனாஷ் ஒரு வழி செய்தார். 'ஷ்வா' என்ற அரை உயிரொலியைக் குறிலாகவும் மற்ற உயிர்களையெல்லாம் நெடிலாகவும் வைத்துக்கொண்டார். அரை உயிரும் முழு உயிரும் சேர்ந்தால் ஒரு 'முளை'. தனி முழு உயிர் ஒரு 'அசைவு'. தமிழ் யாப்பு தெரிந்தவர்களுக்கு இது உடனே பிடிபடும்: முளை ஏறக்குறைய நம் நிரையசை, அசைவு நேரசை. எபிரேயத்தில் பெருவழக்கான 'மர்னீன்' அளவு, ஒரு முளையும் இரண்டு அசைவும் திரும்பத் திரும்ப வருவது. நம் வாய்பாட்டில் சொன்னால் புளிமாங்காய், புளிமாங்காய். ஆனால் நம்மில் குறிலிணையும் நிரையாகும். அங்கே அந்த நெகிழ்ச்சி கிடையாது. அதனால் சொல் தேர்வு இன்னும் இறுக்கம்.

இன்னொரு வடிவம் 'முவஷ்ஷஹ்'. பல கண்ணிகள் கொண்டது. ஒவ்வொரு கண்ணியிலும் ஒரு பகுதிக்கு எதுகை மாறும்; அடுத்த பகுதி பாடல் முழுவதும் ஒரே எதுகையில் திரும்பி வரும். கடைசியில் வரும் முடிப்பு அடிகளுக்கு 'கர்ஜா' என்று பெயர். அது பெரும்பாலும் பேச்சு அரபியில் அல்லது அந்த ஊர்ப் பாமரர் பேசிய லத்தீன் வழி மொழியில், பெண் குரலில் அமையும். ஃபெரூஸியேல் குவாதலஹாரா நகருக்கு வந்ததை வரவேற்று ஹலேவி பாடிய முவஷ்ஷஹ் இப்படித்தான் முடிகிறது: அவர் வரவு சூரியக் கதிர் போல என்று ஒரு பெண் தன் பேச்சு மொழியில் சொல்கிறாள். நூற்றாண்டுகளாக இந்த அடிகள் யாருக்கும் புரியவில்லை. காரணம், ஸ்பானிய மொழியின் மூதாதையை உயிர்க்குறிகள் இல்லாத எபிரேய எழுத்தில் எழுதி வைத்திருந்தார்கள். படியெடுத்தவர்களும் பொருள் தெரியாமல் எழுத்தை மாற்றிவிட்டார்கள். 1948இல் சாமுவேல் ஸ்டெர்ன் இவற்றை என்ன மொழி என்று கண்டு வெளியிட்டபோது, ஸ்பானிய மொழிப் பாடலின் தொடக்க காலத்தைப் பின்னுக்குத் தள்ள வேண்டியதாயிற்று. எபிரேயக் கவிஞர் ஒருவரின் ஏட்டில் ஸ்பெயினின் ஆதிப் பாடல்கள் ஒளிந்திருந்தன!

வேடிக்கை என்னவென்றால், 'குஸாரி'யின் இரண்டாம் பகுதியில் இதே அரபு யாப்பை ஹலேவி கண்டிக்கிறார். எபிரேய மறைநூலை ஓதும்போது சொல்லில் அழுத்தம் எங்கே விழுகிறது, எங்கே நிறுத்த வேண்டும், எங்கே சேர்க்க வேண்டும் என்பதற்கெல்லாம் குறிகள் உண்டு. கூட்டமாக அமர்ந்து கேட்பவர்களுக்குப் பொருள் புரிய அவையே வழி. அந்நிய யாப்பு அசை எண்ணிக்கைக்காக இந்த வேறுபாடுகளை அழித்துவிடுகிறது, மொழியைக் கெடுக்கிறது என்பது அவர் வாதம். அவரோ அந்த யாப்பை வாழ்நாள் முழுக்கக் கையாண்டவர். கடற்பயணத்திலும் எகிப்திலும்கூட விடவில்லை. இதை முரண்பாடு என்று சிலர் மழுப்பாமல் சொல்கிறார்கள். எனக்கும் அதுவே சரி என்று படுகிறது. கொள்கை ஒன்று, கைப்பழக்கம் இன்னொன்று.

## 'குஸாரி' எப்படிக் கட்டப்பட்டது

காஸ்பியன் கடலுக்கும் கருங்கடலுக்கும் இடைப்பட்ட வெளிகளில் கஸார்கள் ஆண்டார்கள். அவர்களுடைய அரச குலம் யூத சமயத்தைத் தழுவியது என்று அரபுப் புவியியலாளர்கள் எழுதியிருக்கிறார்கள். 10ஆம் நூற்றாண்டில் கொர்தோபாவின் யூத அமைச்சர் ஹஸ்தாய் இப்னு ஷப்ரூத்துக்கும் கஸார் அரசன் யோசேஃபுக்கும் நடந்த கடிதப் போக்குவரத்தும் உண்டு. ஹலேவி இந்தக் கதையைச் சட்டகமாக எடுத்துக்கொள்கிறார். மதமாற்றம் நடந்தது தன் காலத்துக்கு 400 ஆண்டுகளுக்கு முன்பு என்கிறார்.

உரையாடல்கள் அவர் கற்பனை. எனவே கஸார் மக்கள் பின்னர் எங்கே போனார்கள், யாருடைய மூதாதையர் என்பதற்கு இந்த நூல் சான்றாகாது. அதைப் பற்றி அது பேசவே இல்லை.

நூலை அவர் அரபு மொழியில், எபிரேய எழுத்தில் எழுதினார். முழுத் தலைப்பின் கருத்து, இகழப்பட்ட சமயத்தின் சார்பாக மறுப்பும் நிறுவலும் என்பது. எழுதத் தூண்டியது யார் என்பதையும் அவர் கடிதம் சொல்கிறது: கிறிஸ்தவ நாட்டிலிருந்து வந்த ஒரு கராயியர் கேட்ட கேள்விகள். கராயியர் என்போர் வாய்வழி வந்த மரபை ஏற்காமல் எழுதப்பட்ட மறையை மட்டும் ஏற்கும் யூதப் பிரிவினர். முதலில் அதை ஏதோ அற்பமான எழுத்து என்று ஹலேவியே தள்ளிப் பேசினார். பிறகு பல ஆண்டுகள் திருத்தி விரித்து, 1140 வாக்கில் ஐந்து பகுதிகளாக முடித்தார்.

கதை இப்படித் தொடங்குகிறது. பக்தியுள்ள கஸார் அரசனின் கனவில் ஒரு வானதூதன் வந்து சொல்கிறான்: உன் எண்ணம் படைத்தவனுக்கு உவப்பாக இருக்கிறது, உன் செயல் உவப்பாக இல்லை. அரசன் தன் சமயச் சடங்குகளை இன்னும் கவனமாகச் செய்கிறான். கனவு மறுபடியும் வருகிறது. சரியான செயல் எது என்று கேட்டு ஒவ்வொருவராக அழைக்கிறான்:

1. தத்துவவாதி. கடவுள் விருப்பு வெறுப்பு இல்லாதவர், தனி மனிதர்களை அவர் அறிவதும் இல்லை. மனத்தைத் தூய்மைப்படுத்து, எந்தச் சடங்கு என்பது முக்கியமல்ல என்கிறான். அரசனின் பதில் கூர்மையானது: என் எண்ணம் சரி என்று எனக்கு முன்பே சொல்லியாயிற்று, நான் கேட்பது செயலை. தொடர்ந்து, கிறிஸ்தவரும் முஸ்லிமும் தூய எண்ணத்தோடுதான் ஒருவரையொருவர் கொல்கிறார்கள், இருவரும் சரியாக இருக்க முடியுமா என்று கேட்கிறான். சிலுவைப் போர்க் காலத்தில் எழுதிய வரி அது.
2. கிறிஸ்தவர். அவர் கூறுவதை அறிவு ஏற்க மறுக்கிறது. நேரில் கண்டு வளர்ந்திருந்தால் ஏற்றிருப்பேன் என்று அரசன் விலகுகிறான்.
3. முஸ்லிம். குர்ஆனின் மொழியழகே அற்புதம் என்கிறார். எனக்கு அரபி தெரியாதே, அந்த அற்புதம் எனக்கு எப்படித் தெரியும் என்கிறான் அரசன்.
4. யூத அறிஞர். இவரை அழைக்க அரசனுக்கு முதலில் மனமே இல்லை. இவர்கள் எண்ணிக்கையில் குறைவு, தாழ்ந்த நிலை, எல்லோரும் வெறுக்கிறார்கள். ஆனால் முன்னிருவரும் இஸ்ரவேலர் வரலாற்றையே அடித்தளமாகக் காட்டியதால் வேறு வழி இல்லை.

## இந்திய அரசன்

அறிஞர் வாய் திறந்ததும், உலகைப் படைத்த கடவுளை நம்புகிறேன் என்று தொடங்கவில்லை. ஆபிரகாமின் கடவுளை, எகிப்திலிருந்து இஸ்ரவேலரை மீட்டவரை நம்புகிறேன் என்கிறார். அரசனுக்கு ஏமாற்றம்: இது ஒரு குலத்தின் கதை, உலகப் பொதுவான கடவுளைப் பற்றிப் பேசக்கூடாதா? இதற்கு வரும் பதில் முதல் பகுதியின் 19 முதல் 25 வரையான பத்திகளில் இருக்கிறது. நூலின் அச்சாணி அதுவே, உவமைக்கு வருவது இந்தியா.

அறிஞர் கேட்கிறார்: இந்திய அரசன் நல்லவன், அவன் நாட்டில் மக்கள் நீதியோடு வாழ்கிறார்கள் என்று கேள்விப்பட்டால், அவனை வணங்க உனக்குக் கடமை உண்டா?

அரசன் சொல்கிறான்: இல்லை. அந்த மக்கள் இயல்பிலேயே நல்லவர்களாக இருக்கலாம். அவர்களுக்கு அரசன் இருக்கிறானா என்பதே எனக்குத் தெரியாது.

அறிஞர் தொடர்கிறார்: சரி, அவனுடைய தூதன் உன்னிடம் வருகிறான். இந்தியாவில், அதுவும் அரண்மனையில் மட்டுமே கிடைக்கும் பரிசுகளைக் கொண்டுவருகிறான். அனுப்பியவர் யார் என்று தெளிவாகச் சொல்லும் கடிதம் இருக்கிறது. உன் நோயைத் தீர்க்கும் மருந்துகள் இருக்கின்றன. உன் பகைவருக்கான நஞ்சும் இருக்கிறது. இப்போது?

இப்போது கடமை உண்டு, அரசன் இருக்கிறான் என்ற ஐயமும் தீர்ந்தது என்கிறான் கஸார் அரசன்.

உவமையைப் பிரித்துப் பார்த்தால் வாதத்தின் படிகள் தெரியும்:

1. உலகின் ஒழுங்கைப் பார்த்து அதற்கு ஒரு காரணம் உண்டு என்று ஊகிக்கலாம். அந்த ஊகத்துக்கு மாற்று விளக்கங்கள் எப்போதும் இருக்கும்.
2. ஊகத்தால் கிடைத்த கடவுளுக்கு ஒருவர் கடமைப்படுவதில்லை. அது ஏட்டுச் சுரைக்காய்.
3. நேரடித் தொடர்பு நடந்திருந்தால், அதாவது தூதன், கடிதம், வேறெங்கும் கிடைக்காத பரிசு மூன்றும் கைக்கு வந்திருந்தால், இருப்பும் கடமையும் சேர்ந்தே உறுதியாகின்றன.
4. எகிப்திலிருந்து மீட்பும் சீனாய் மலையில் மறை அருளப்பட்டதும் அப்படிப்பட்ட தொடர்பு. ஒரு கூட்டமே அதைக் கண்டது. கண்டவர்கள் பிள்ளைகளுக்குச் சொன்னார்கள். தடைபடாத மரபு நேரில் கண்டதற்குச் சமம்.

இந்திய உவமை வெறும் அலங்காரமாகத் தோன்றலாம். ஆனால் ஹலேவியின் நெருங்கிய நண்பர் ஹல்ஃபோன் பென் நெத்தனேல், எகிப்தையும் ஏடனையும் இந்தியாவையும் ஸ்பெயினையும் இணைத்து வணிகம் செய்தவர். அவருடைய கடிதக் கட்டில்தான் ஹலேவியின் கைப்படக் கடிதங்கள் தப்பிப் பிழைத்தன. மங்களூரில் ஆண்டுக்கணக்கில் தங்கி வெண்கலப் பட்டறை நடத்திய ஆபிரகாம் பென் யிஜுவின் கணக்குகளும் கெய்ரோத் தொழுகைக்கூடத்தில் கிடைத்த அதே பழந்தாள் குவியலிலிருந்து வந்தவைதான். இந்தியாவிலிருந்து மருந்துச் சரக்கு வருவது அவர்களுக்கு அன்றாடச் செய்தி. தூதன் கொண்டுவரும் பொருளில் ஒரு மருத்துவர் மருந்தைச் சேர்த்ததும் இயல்பே.

இந்தியா நூலில் இன்னோரிடத்தில் எதிர்ச்சான்றாகவும் வருகிறது. இந்தியர்கள் தங்கள் கட்டடங்கள் லட்சக்கணக்கான ஆண்டுகள் பழையவை என்கிறார்களே, அது உன் ஆதியாகமக் கணக்கைக் குலைக்காதா என்று அரசன் கேட்கிறான். அவர்களிடம் எல்லோரும் ஒத்துக்கொண்ட மரபு இல்லை என்று அறிஞர் தட்டிக்கழிக்கிறார். நூலின் மிக மெலிந்த பதில்களில் இது ஒன்று.

## வாதம் எங்கே இடறுகிறது

இன்று இஸ்ரேலிலும் அமெரிக்காவிலும் சமயப் பரப்புரையாளர்கள் இதைக் 'குஸாரி வாதம்' என்று தர்க்க நிரூபணமாக வைக்கிறார்கள்: ஆறு லட்சம் ஆண்கள் கண்ட நிகழ்வைப் பொய்யாகப் புனைய முடியாது, ஏனென்றால் கேட்பவர்கள் 'எங்கள் அப்பா சொல்லவில்லையே' என்று மறுத்துவிடுவார்கள். இதற்கு எதிரான ஆட்சேபங்களைத் தெரிந்துகொள்வது நல்லது:

1. ஆறு லட்சம் என்ற எண் வருவதே நிரூபிக்கப்பட வேண்டிய நூலிலிருந்துதான். சாட்சிகளின் எண்ணிக்கைக்குத் தனிச் சாட்சி இல்லை.
2. ஒரே நாளில் புனைந்து நம்பவைப்பது கடினம் என்பது உண்மை. பல தலைமுறைகளில் மெல்ல மெல்லப் பெருகும் கதைக்கு அந்தத் தடை இல்லை.
3. மரபு தடைபடவே இல்லை என்பதற்கு எபிரேய மறையே இடைஞ்சல் தருகிறது. யோசியா அரசன் காலத்தில் ஆலயத்தில் சட்டநூல் ஒன்று 'கண்டெடுக்கப்பட்டது' என்றும், அதைக் கேட்டு அரசன் ஆடையைக் கிழித்துக்கொண்டான் என்றும் அரசர்கள் நூல் சொல்கிறது.

ஹலேவி இந்த வாதத்தை நிரூபணம் என்று முன்வைத்தாரா என்பது வேறு கேள்வி. அவருடைய இலக்கு அரிஸ்டாட்டில் வழித் தத்துவவாதிகளின் தன்னம்பிக்கை. தர்க்கம் கடவுளைக் கூட்டிவந்து நிறுத்தும் என்று அவர்கள் சொல்லும்போது, அனுபவம் முதலில், விளக்கம் பிறகு என்கிறார். நிரூபிக்கப்பட்ட எதையும் மறை மறுக்காது என்றும் சொல்கிறார். ஆதியில் பொருள் என்றென்றும் இருந்தது, இந்த உலகுக்கு முன் வேறு உலகங்கள் இருந்தன என்று ஒத்துக்கொள்ள நேர்ந்தாலும் நம்பிக்கை குலையாது என்கிறார். அவரைக் குருட்டு நம்பிக்கையாளர் என்று ஒதுக்குபவர்கள் இந்தப் பத்தியைத் தாண்டிப் போய்விடுகிறார்கள்.

## சங்கடமான ஏணி

நூலின் இன்னொரு தூண் இன்றைய வாசகரைச் சங்கடப்படுத்தும். ஹலேவி உயிர்களை அடுக்குகிறார்: தாதுப்பொருள், தாவரம், விலங்கு, பகுத்தறிவுள்ள மனிதன். அதற்கு மேலே இன்னொரு படி உண்டு. இறை தொடர்பை ஏற்கும் தகுதி பெற்றவர்கள், தீர்க்கதரிசிகள். இந்தத் தகுதியை அவர் 'இறைக் காரியம்' என்கிறார். ஆதாமிலிருந்து தலைமுறைக்கு ஒருவராக அது இறங்கி வந்து, யாக்கோபின் பிள்ளைகளில் எல்லோருக்கும் பரவியதாம்.

இதன் விளைவை அவர் மறைக்கவில்லை. மதம் மாறி வருகிறவர் நன்மைகளில் பங்கு பெறுவார், ஆனால் பிறப்பால் யூதரானவருக்கு முழுச் சமமாக மாட்டார், தீர்க்கதரிசியும் ஆக மாட்டார். மதம் மாறத் தயாராக நிற்கும் ஓர் அரசனிடமே இதைச் சொல்கிறார்! பிறப்பால் ஏற்றத்தாழ்வு பேசும் எந்த ஏற்பாட்டையும் போல இதையும் கேள்வி கேட்காமல் விட முடியாது. யூத மரபுக்குள்ளேயே மறுப்பு எழுந்தது. மதம் மாறிய ஒபதியா என்பவர், 'எங்கள் முன்னோரின் கடவுளே' என்று நான் வேண்டலாமா என்று கேட்டபோது, 12ஆம் நூற்றாண்டின் பெரிய யூத அறிஞர் மைமோனிதேஸ் தாராளமாக வேண்டலாம் என்றார். ஆபிரகாம் உனக்கும் தந்தை, உனக்கும் எங்களுக்கும் வேறுபாடு இல்லை என்று எழுதினார்.

தன் தரப்பின் பலவீனத்தையும் ஹலேவி அரசன் வாயால் சொல்ல வைக்கிறார். எங்கள் தாழ்வும் துன்பமும் எங்களுக்குப் பெருமை என்று அறிஞர் பேசும்போது, நீங்கள் விரும்பி ஏற்ற தாழ்வா அது, உங்களுக்கும் அதிகாரம் கிடைத்தால் நீங்களும் கொல்வீர்கள் என்கிறான் அரசன். என் புண்ணில் கை வைத்துவிட்டாய் என்று அறிஞர் ஒப்புக்கொள்கிறார். தற்காப்பு நூலில் எதிராளிக்கு இப்படி ஓர் அடியை விட்டுக்கொடுப்பவர்கள் அரிது.

## எண்ணத்திலிருந்து கப்பலுக்கு

இரண்டாம் பகுதியில் நிலம் பற்றிய பேச்சு. மலைச்சரிவில் திராட்சை நன்றாக விளையும். ஆனாலும் கொடியை நட்டுப் பராமரித்தால்தான் பழம். அதுபோல மக்கள், நிலம், செயல் மூன்றும் சேர்ந்தால்தான் பலன் என்கிறார் அறிஞர். உடனே அரசன் மடக்குகிறான்: அப்படியென்றால் நீ ஏன் அங்கே போய் வாழவில்லை? அந்தத் திசை நோக்கி நீ குனிவது பாசாங்கு, அல்லது அர்த்தமில்லாத பழக்கம்.

நீ என்னை வெட்கப்பட வைத்துவிட்டாய் என்று அறிஞர் சொல்கிறார். பாபிலோனிலிருந்து திரும்ப வாய்ப்புக் கிடைத்தபோதும் பெரும்பாலோர் வீட்டையும் தொழிலையும் விடாமல் அங்கேயே தங்கிவிட்டார்கள் என்கிறார். சீயோனுக்காக நாங்கள் செய்யும் வேண்டுதல் கிளிப்பிள்ளை பேச்சு என்றும் ஒப்புக்கொள்கிறார்.

ஐந்தாம் பகுதியின் முடிவில் அந்த அறிஞர் எருசலேமுக்குக் கிளம்புகிறார். தூய மனத்தோடு எங்கிருந்தும் கடவுளை நெருங்கலாமே, கடலிலும் தரையிலும் ஏன் ஆபத்தைத் தேடிப் போகிறாய் என்று இப்போது அரசன் கேட்கிறான். முதல் பகுதியில் தத்துவவாதி பேசியதை இங்கே அரசனே பேசுகிறான். கட்டுமானத்தில் ஹலேவியின் கைத்திறன் இது. செயல் சாத்தியமில்லாதபோதுதான் எண்ணம் மட்டும் போதும்; கூலிக்கும் புகழுக்கும் போருக்குப் போகிறவர்கள் ஏற்கும் ஆபத்தைவிட இது பெரிதல்ல என்பது பதில்.

நூலை முடித்த கையோடு எழுதியவரே கிளம்பினார். ஒரே மகளையும் யெஹூதா என்ற பேரனையும் விட்டுப் பிரிவதைப் பாடலில் சொல்லியிருக்கிறார்.

## பயணம், தேதிவாரியாக

நம்மிடம் இவ்வளவு துல்லியம் இருப்பதற்குக் காரணம் ஒரு பழக்கம். கடவுள் பெயர் எழுதிய தாளை யூதர்கள் எறிவதில்லை. பழைய கெய்ரோவின் பென் எஸ்ரா தொழுகைக்கூடத்தில் அப்படிச் சேர்ந்த தாள்களில் சுமார் 1,93,000 துண்டுகளை 1896-97இல் சொலோமோன் ஷெக்டர் கேம்பிரிட்ஜுக்குக் கொண்டுபோனார். 1950களில் ஷெலோமோ கோய்தைன் இந்தக் குவியலில் ஹலேவி தொடர்பான கடிதங்களை இனங்கண்டார்.

1. 1140 செப்டம்பர் 8: அலெக்ஸாந்திரியாவில் இறங்கினார். யூத நீதிபதி ஆரோன் இப்னு அல்-அம்மானி விருந்தோம்பினார். ஊரில் பலரும் அழைக்க, சிலர் வீட்டுக்கு மட்டும் போனதால் மனத்தாங்கல் வளர்ந்தது. புனிதப் பயணி இலேசான பாடல்கள் பாடலாமா என்ற முணுமுணுப்பும் கேட்டது.
2. குளிர்காலம்: அந்தப் பருவத்தில் கடலில் கப்பல் ஓடாது. நைல் வழியே கெய்ரோவுக்குப் போய் ஹல்ஃபோனோடு தங்கினார்.
3. 1141 வசந்தம்: அலெக்ஸாந்திரியாவுக்குத் திரும்பியதும் வழக்கில் சிக்கினார். இப்னு அல்-பஸ்ரி என்பவர் இஸ்லாத்துக்கு மாறியவர். ஸ்பெயினிலிருந்த அவருடைய சகோதரர் கொடுத்தனுப்பிய 30 தினாரும் செய்தியும் ஹலேவியிடம் இருந்தன. தன்னைப் பழைய மதத்துக்கு இழுக்கப் பார்க்கிறார் என்று அவர் ஹலேவிமீது புகார் கொடுத்தார். இரகசியக் காவல் தலைவர், ஆளுநர், காழி என மூன்று இடங்களுக்கு இழுபட்டு, குற்றமற்றவர் என்று விடுவிக்கப்பட்டார்.
4. 1141 மே 11: நண்பர் எழுதிய கடிதப்படி ஹலேவி கப்பலில் ஏறிக் காத்திருக்கிறார், காற்று எதிர்த்து வீசுகிறது. பாலஸ்தீனக் கரைக்குப் போக மேற்குக் காற்று வேண்டும். காற்று எந்த நேரத்திலும் திரும்பும் என்பதால் பயணிகள் கரைக்கு வந்து தங்க முடியாது, கப்பலிலேயே கிடக்க வேண்டும்.
5. 1141 மே 14, புதன்: யூதரின் பெந்தெகொஸ்தே பண்டிகையின் முதல் நாள். மேற்குக் காற்று எழுந்தது, கப்பல் புறப்பட்டது.

அதே ஆண்டின் பிற்பகுதியில் எழுதிய கடிதங்கள் அவரை இறந்தவர் என்று குறிப்பிடுகின்றன.

எருசலேம் வாசலில் சீயோன் பாடலைப் பாடிக்கொண்டிருந்தபோது ஓர் அரபுக் குதிரைவீரன் மிதித்துக் கொன்றான் என்ற கதை 1587இல் அச்சான கெதலியா இப்னு யஹ்யாவின் நூலிலிருந்து பரவியது. 19ஆம் நூற்றாண்டில் ஜெர்மானியக் கவிஞர் ஹைனே அதை இன்னும் பரப்பினார். 1141இல் எருசலேம் சிலுவைப் போர்வீரர் கையில் இருந்தது. நகர வாசலில் ஓர் அரபு வீரன் அப்படி ஆளை மிதித்துவிட்டுப் போவது எளிதல்ல. 446 ஆண்டுகள் கழித்து அச்சேறிய கதையைவிட, இந்தக் குதிரைவீரனைப் பற்றி எதுவும் சொல்லாத அந்தக் காலத்துக் கடிதங்களே நம்பத்தக்கவை.

## நூலின் பின்வாழ்வு

யெஹூதா இப்னு திப்போன் 1167இல் பிரான்சின் லூனேல் ஊரில் 'குஸாரி'யை எபிரேயத்துக்குக் கொண்டுவந்தார். அரபு மூலம் அச்சானது 1887இல். இடைப்பட்ட 700 ஆண்டுகளும் உலகம் படித்தது பெரும்பாலும் மொழிபெயர்ப்பையே.

எதிர்பாராத ஒரு பயன்பாடும் உண்டு. இரண்டாம் பகுதியின் 20ஆம் பத்தியில், ஓய்வுநாள் உலகில் எங்கே முதலில் தொடங்குகிறது என்ற கணக்கு வருகிறது. 1941இல் போருக்குத் தப்பி ஜப்பானின் கோபே நகருக்கு வந்த யூத அகதிகளுக்கு, பாவநிவாரண நோன்பு எந்த நாள் என்ற குழப்பம் எழுந்தது. உள்ளூர் நாட்காட்டிப்படி புதன்கிழமை. ஹஸோன் இஷ் என்று அறியப்பட்ட அறிஞர், தேதிக்கோடு எருசலேமுக்குக் கிழக்கே 90 பாகையில் விழுகிறது, ஜப்பான் அதற்கு அப்பால் இருக்கிறது, ஆகவே வியாழன் நோன்பிருங்கள் என்றார். அவர் காட்டிய ஆதாரங்களில் ஒன்று 'குஸாரி'யின் அந்தப் பத்தி. வேறு அறிஞர்கள் புதன் என்றே தீர்ப்புச் சொன்னார்கள்.

நூலைப் படிக்க விரும்புபவர் முதல் பக்கத்திலிருந்து வரிசையாகப் போக வேண்டியதில்லை. அப்படிப் போனவர்கள் பலர் நான்காம் பகுதியின் எழுத்துகளும் எண்களும் பற்றிய விளக்கத்தில் சிக்கி நிறுத்திவிடுகிறார்கள். முதல் பகுதியில் 1 முதல் 25 வரை, இரண்டாம் பகுதியில் 9 முதல் 24 வரை, பிறகு ஐந்தாம் பகுதியில் 22 தொடங்கி முடிவு வரை படித்தால் வாதத்தின் முதுகெலும்பு கிடைத்துவிடும். அதன் பிறகு மூன்றாம் பகுதிக்குப் போகலாம். கராயியர்களோடு அவர் நடத்தும் சண்டை அங்கே.